தபாலில் வளர்ந்த தொழில்: ஒரு தனி கே நீலப்பட ஸ்டூடியோ எப்படி நிலைத்து நின்றது?

கேள்வி: குடமுருட்டிக்கரை (பாபநாசம்)

கும்பகோணத்தில் கல்யாண வீடியோ எடிட் செய்வது என் தொழில். முகூர்த்த மாதம் வந்தால் தூக்கம் கிடையாது, ஆடி வந்தால் வேலை கிடையாது. இப்போது ஆடி. நண்பர் ஒருவர் நடத்தும் சிற்றிதழில் தன்பாலீர்ப்பு வரலாறு பற்றிச் சிறப்பிதழ் வருகிறது. அதில் பால்கன் ஸ்டூடியோவைப் பற்றி எழுதித் தருகிறேன் என்று ஒப்புக்கொண்டிருக்கிறேன். 1971இல் சான்பிரான்சிஸ்கோவில் சக் ஹோம்ஸ் என்பவர் தொடங்கியது. ஆண்களை விரும்பும் ஆண்களுக்காக (கே) மட்டுமே நீலப்படம் எடுத்து, அந்தத் தொழிலின் பெரிய பெயர்களில் ஒன்றாக வளர்ந்தது.

படத்துக்குள் என்ன இருந்தது என்பது எனக்கு வேண்டாம். அது எல்லோருக்கும் தெரியும். எனக்குப் புரியாதது தொழில். கலிபோர்னியாவில் ஆணும் ஆணும் சேர்வது குற்றமில்லை என்று சட்டம் வந்தது 1975இல். அமலுக்கு வந்தது 1976 ஜனவரியில். அப்படியானால் 1971இல் இவர்கள் படமாக்கியதே சட்டப்படி ஒரு குற்றத்தைத்தான். பேங்க் கடன் கிடைத்திருக்காது, பத்திரிகை விளம்பரம் எடுத்திருக்காது, ஊரூருக்குத் தியேட்டரும் கிடையாது. கேமரா பிடிக்கிறவனாகச் சொல்கிறேன், எடுப்பது பெரிய காரியமில்லை. எடுத்ததை, வாங்குகிறவன் கையில் கொண்டுபோய்ச் சேர்த்தது எப்படி? ஊரில் யாருக்கும் தெரியாமல் வாழ்ந்த ஒரு ஆளை இவர்கள் எப்படிக் கண்டுபிடித்தார்கள்?

நானும் அப்படி வாழ்கிற ஆள்தான். அதனால் இந்தக் கடைசிக் கேள்வி எனக்கு முக்கியம்.

பதில்: பழைய சார்ட்டர் (மாயவரம்)

தம்பி, நீங்கள் சரியான இடத்தில் கை வைத்திருக்கிறீர்கள். நான் ஆர்.எம்.எஸ்.ஸில், அதாவது ரயிலில் தபால் பிரிக்கும் இலாகாவில், வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். மீட்டர் கேஜ் காலத்தில் மெயின் லைனில் ராத்திரி செட்டில் தபால் பிரித்துக்கொண்டே போவோம். மாயவரம், கும்பகோணம், தஞ்சாவூர் என்று பைகள் ஏறும், இறங்கும். எனவே இந்தக் கதையை ஸ்டூடியோ பக்கமிருந்து பார்க்க எனக்கு வரவில்லை, தபால் பக்கமிருந்துதான் பார்க்க வருகிறது. அப்படிப் பார்ப்பதுதான் சரியும்கூட என்று நினைக்கிறேன். பால்கன் 1971இல் திடீரென்று முளைக்கவில்லை. அதற்கு முன் இருபது வருஷம் வேறு ஆட்கள் தபால்துறையோடு சண்டை போட்டு வழி திறந்திருந்தார்கள்.

அமெரிக்காவில் 1873இல் காம்ஸ்டாக் சட்டம் என்று ஒன்று வந்தது. ஆபாசமான எதையும் தபாலில் அனுப்புவது குற்றம். எது ஆபாசம் என்பதை முதலில் முடிவு செய்கிறவர் தபால் அதிகாரி. நம் ஊரிலும் 1898ஆம் வருஷத் தபால் சட்டத்தின் 20ஆவது பிரிவு இதையேதான் சொன்னது. இலாகா பரீட்சைக்கு அதை நான் மனப்பாடம் செய்திருக்கிறேன். அந்தப் பிரிவைப் படிக்கும்போது எனக்கு வயது இருபத்து சொச்சம். என் மனசில் இருப்பதை ஒரு கடிதத்தில் எழுதினால் அதுவும் இதில் வருமோ என்று யோசித்துக்கொண்டு அந்த ராத்திரி முழுவதும் விழித்திருந்தேன்.

லாஸ் ஏஞ்சலீஸில் பாப் மைசர் என்று ஒரு போட்டோகிராபர். 1945இல் அத்லெடிக் மாடல் கில்ட் என்ற பெயரில் ஸ்டூடியோ ஆரம்பித்தார். அம்மாவோடு இருந்த வீடுதான் ஸ்டூடியோ. உடற்பயிற்சிப் படம் என்ற பெயரில் கட்டுமஸ்தான ஆண்களைக் கோவணம் போன்ற ஒரு துணியோடு படம் எடுத்துத் தபாலில் விற்றார். 1947இல் அவரைப் பிடித்துத் தண்டனை கொடுத்து, சிறைப் பண்ணை ஒன்றில் வேலை செய்ய அனுப்பினார்கள். திரும்பி வந்து அதே தொழிலைத் தொடர்ந்தார். 1951இல் 'பிசீக் பிக்டோரியல்' என்று சின்ன அளவில் ஒரு பத்திரிகை தொடங்கினார். அது பார்வைக்குப் பத்திரிகை, உள்ளபடி ஒரு விற்பனைப் பட்டியல். இந்தப் படம் வேண்டுமா, பணம் அனுப்பு, வீட்டுக்கு வரும். பிறகு குஸ்தி, சண்டை என்று கதை வைத்துச் சின்னச் சின்ன பிலிம் சுருள்களும் விற்றார். தனி ஸ்டூடியோ என்று சொல்ல வேண்டுமானால் அந்த வரிசையில் முதலில் இவரைத்தான் வைப்பேன். எடுப்பது, கழுவுவது, அச்சடிப்பது, உறை ஒட்டி அனுப்புவது எல்லாம் ஒரே வீட்டுக்குள். 1992இல் சாகும் வரை அதே வேலை.

அப்புறம் கோர்ட். 'ஒன்' என்ற தன்பாலீர்ப்பாளர் பத்திரிகையின் 1954 அக்டோபர் இதழை லாஸ் ஏஞ்சலீஸ் போஸ்ட்மாஸ்டர் நிறுத்தி வைத்தார். அதில் நிர்வாணப் படம்கூட இல்லை. வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய், 1958 ஜனவரியில் பத்திரிகை ஜெயித்தது. அடுத்து ஹெர்மன் லின் வோமாக். தத்துவப் பேராசிரியராக இருந்தவர், பார்வை மிகவும் குறைவு. வாஷிங்டனில் இருந்து இப்படிப்பட்ட உடற்கட்டுப் பத்திரிகைகளைப் போட்டார். விர்ஜினியாவில் தபால்காரர்கள் அவருடைய 405 பிரதிகளைப் பிடித்து வைத்தார்கள். அதற்காக உச்ச நீதிமன்றம் வரை போனார் அந்த மனிதர். 1962 ஜூனில் தீர்ப்பு. ஆணின் உடம்பைக் காட்டும் படம் பெண்ணின் படத்தைவிட எந்த வகையிலும் கூடுதலாக ஆபாசமாகிவிடாது என்பதுதான் அந்தத் தீர்ப்பின் சாரம். 1967இல் மினியாபோலிஸில் இரண்டு பேர் மேல் 29 குற்றச்சாட்டு வைத்து வழக்கு நடந்தது. அவர்களும் தபாலில் விற்றவர்கள்தான். எல்லாவற்றிலிருந்தும் விடுதலை. அதற்குப் பிறகுதான் முழு நிர்வாணம் தபாலில் பகிரங்கமாகப் போக ஆரம்பித்தது.

இப்போது 1971ஐப் பாருங்கள். ஹோம்ஸுக்கு முன்னால் பாதை தயாராக இருந்தது. எட்டு மில்லிமீட்டர் பிலிமில் சின்னச் சின்னப் படம். வாங்குகிறவன் வீட்டிலேயே சின்ன ப்ரொஜெக்டர் வைத்துக்கொண்டு பார்க்கலாம். தியேட்டர் வாசலில் யாரும் அவனைப் பார்க்கப் போவதில்லை. எப்படிக் கண்டுபிடித்தார்கள் என்று கேட்டீர்களே, இவர்கள் யாரையும் தேடிப் போகவில்லை. தேடி வந்தவன் ஒருமுறை முகவரி எழுதி அனுப்பினால் போதும், அந்த முகவரிதான் சொத்து. கேமரா பழசாகும், நடிகர் மாறுவார், முகவரிப் பட்டியல் வளர்ந்துகொண்டே போகும். வெளியே பெயர் எழுதாத உறையில் பட்டியல் வரும், அவன் பணம் அனுப்புவான், பிலிம் வரும். நெப்ராஸ்காவிலோ கான்சாஸிலோ பத்துப் பேர் இருக்கிற ஊரில், தன்னைப் போல் ஒருவன் உலகத்தில் இருக்கிறான் என்பதற்கு அவனிடம் இருந்த ஒரே ஆதாரம் அந்த உறைதான்.

எனக்கு அது எப்படித் தெரியும் என்றால், 1990இல் அசோக் ராவ் கவி 'பம்பாய் தோஸ்த்' பத்திரிகையைத் தொடங்கினார். அது நீலப்படப் பத்திரிகை இல்லை, கௌரவமான பத்திரிகை. ஆனாலும் வீட்டு முகவரிக்கு வரவழைக்க முடியாது, அம்மாதான் தபால் வாங்குவார்கள். ஆபீஸ் முகவரி அதைவிட மோசம், என் தபாலைப் பிரிப்பதே என் சகாக்கள். திருச்சியில் ஒரு நண்பர் பேருக்கு வரவழைத்து, அவர் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து படித்தேன். அதில் தொடர்புப் பகுதி இருக்கும். பெயர் இல்லாமல், ஊர் மட்டும் போட்டு எழுதியிருப்பார்கள். தஞ்சாவூர் மாவட்டம் என்று யாராவது எழுதியிருக்கிறார்களா என்று ஒவ்வொரு வரியாகத் தேடுவேன்.

வீடியோ வந்ததும் தொழில் பெரிதானது. பிலிம் பிரதி எடுக்கச் செலவு அதிகம், கேசட்டுக்கு அவ்வளவு இல்லை. ப்ரொஜெக்டர் எல்லோர் வீட்டிலும் கிடையாது, டெக் பல வீடுகளுக்கு வந்துவிட்டது. நம் பக்கம் டெக்கும் டிவியும் ஒரு ராத்திரிக்கு வாடகைக்கு எடுத்து, மூன்று படம் சேர்ந்தாற்போல் தெருவே பார்த்த காலம் அது. அங்கே தனியாகப் பார்க்க வாங்கினார்கள்.

பதில்: நாகை அக்கா

சார் விட்ட இடத்தில் இருந்து நான் சொல்கிறேன், ஏனென்றால் வீடியோ வந்த அதே சமயத்தில்தான் எய்ட்ஸ் நோயும் வந்தது. அரசு ஆஸ்பத்திரி நம்பிக்கை மையத்தில் ஆலோசகராக இருந்தவள் நான். மீனவக் குப்பத்துப் பையன்கள், லாரி ஓட்டுகிறவர்கள், கோத்திகள் (பெண்மைச் சாயலுள்ள, ஆண்களை விரும்பும் ஆண்கள்) என்று பலரோடு பேசியிருக்கிறேன்.

அமெரிக்காவில் 1981 ஜூன் 5ஆம் தேதிதான் இந்த நோய் பற்றிய முதல் அறிக்கை. நம் நாட்டில் 1986இல் சென்னையில் டாக்டர் சுனிதி சாலமனும் அவருடைய மாணவி நிர்மலாவும் கண்டுபிடித்தார்கள். அந்த ஐந்து வருஷ இடைவெளியில் சான்பிரான்சிஸ்கோவில் ஒரு தலைமுறையே சரிந்தது. பால்கன் போன்ற கம்பெனிகளின் நடிகர்களும் வாடிக்கையாளர்களும் அதில் போனார்கள்.

கட்டுரையில் தம்பி அவசியம் எழுத வேண்டியது இது. எண்பதுகளின் கடைசியிலும் தொண்ணூறுகளின் தொடக்கத்திலும் பெரிய கே ஸ்டூடியோக்கள் ஆணுறையைத் தாங்களாகவே கட்டாயம் ஆக்கின. ஆண் பெண் படம் எடுத்தவர்கள் அதைச் செய்யவில்லை, இரத்தப் பரிசோதனை போதும் என்று போனார்கள். கே ஸ்டூடியோக்காரர்கள் தங்கள் நண்பர்களை அடக்கம் செய்துவிட்டு வந்து இந்த முடிவை எடுத்தவர்கள். பார்க்கிறவனுக்குத் தொந்தரவாக இருக்குமே, விற்பனை குறையுமே என்ற கவலை இருந்திருக்கும். இருந்தும் செய்தார்கள். இதை நான் மதிக்கிறேன். எங்கள் மையத்தில் இருந்த படவிளக்க அட்டையில் கணவன், மனைவி, அல்லது ஆண், பாலியல் தொழில் செய்யும் பெண் என்றுதான் இருக்கும். இரண்டு ஆண்களுக்கு நடுவில் ஆணுறை எப்படி என்று ஒரு அட்டை கிடையாது. வேதாரண்யத்தில் இருந்து வந்த ஒரு பையன், ஏதோ ஒரு வெளிநாட்டுக் கேசட்டில் பார்த்துத்தான் ஆணுறை போட வேண்டும் என்றே தெரிந்துகொண்டதாகச் சொன்னான். நான் சொல்லிக் கொடுக்க வேண்டியதை ஒரு நீலப்படம் சொல்லிக் கொடுத்திருக்கிறது.

2012இல் நோய் வராமல் தடுக்கத் தினமும் சாப்பிடும் மாத்திரைக்கு அமெரிக்காவில் அனுமதி கிடைத்தது. பிறகு பல ஸ்டூடியோக்கள் ஆணுறையை விட்டுவிட்டன. அதே 2012இல் லாஸ் ஏஞ்சலீஸ் மாவட்டத்தில் படப்பிடிப்பில் ஆணுறை கட்டாயம் என்று மக்கள் வாக்களித்தார்கள். 2016இல் அதை மாநிலம் முழுவதற்கும் கொண்டுவரப் பார்த்தபோது தோற்றது. எதிர்த்தவர்களில் நடிகர்களே பலர்.

பதில்: கமலாலயக்கரை (திருவாரூர்)

நாங்கள் விவசாயத் தொழிலாளர் சங்கக் குடும்பம். அதனால் எனக்கு முதலில் எழும் கேள்வி கூலி. முதலாளி எப்படி வளர்ந்தான் என்பதையே எல்லோரும் பேசுகிறீர்கள். படத்தில் நடித்த பையனுக்கு என்ன கிடைத்தது? ஒரு நாள் கூலி வாங்கிக்கொண்டு போயிருப்பான். அந்த கேசட் இருபது வருஷம் விற்றிருக்கும். வீட்டை விட்டுத் துரத்தப்பட்டு நகரத்துக்கு வந்த பையனுக்கு 'சம்மதம்' சொல்ல எவ்வளவு இடம் இருந்திருக்கும்? தன்பாலீர்ப்பு வரலாறு என்பதாலேயே இதை விட்டுவிட முடியாது.

பதில்: பழைய சார்ட்டர் (மாயவரம்)

தோழர் கேட்டதில் தப்பே இல்லை. பொதுவாக அந்தத் தொழிலில் நடிகருக்கு ஒரு காட்சிக்கு இவ்வளவு என்று ஒரே தடவை பணம்தான். பிறகு எவ்வளவு விற்றாலும் பங்கு கிடையாது. ஹோம்ஸ் பணக்காரரானார். அரசியல் உரிமைப் போராட்டங்களுக்கு நன்கொடையாகவும் நிறையக் கொடுத்தார். 2000இல் இறந்தார். சான்பிரான்சிஸ்கோ மார்க்கெட் தெருவில் 2002இல் திறந்த எல்ஜிபிடி சமூக மையத்தின் வளாகத்துக்கு அவர் பெயர்தான். அந்த மையத்தில் இன்று வீடில்லாத பையன்களுக்கு உதவி செய்கிறார்கள் என்றால் எனக்குச் சந்தோஷம். அந்தப் பணம் யாருடைய உடம்பில் இருந்து வந்ததோ அந்த நடிகர்களின் பெயர் எந்தச் சுவரிலும் இல்லை என்பது எனக்கும் உறுத்துகிறது. இரண்டையும் தம்பி எழுத வேண்டும்.

சட்டம் நடிகருக்காகச் செய்தது இரண்டு உண்டு, இரண்டுமே 1988. ஹால் பிரீமன் என்ற டைரக்டரைத் தரகு வேலை செய்தார் என்று தண்டித்திருந்தார்கள். நடிகருக்குச் சம்பளம் கொடுப்பது விபசாரத்துக்கு ஆள் பிடிப்பது ஆகாது என்று கலிபோர்னியா உச்ச நீதிமன்றம் அவரை விடுவித்தது. அதுவரை படப்பிடிப்பே ஒளிந்து நடந்தது. ஒளிந்து நடக்கிற இடத்தில் கூலி கேட்டு யார் நியாயம் பேச முடியும்? அதே வருஷம் நடிகர் ஒவ்வொருவருக்கும் வயதுச் சான்று வைத்திருக்க வேண்டும் என்று மத்தியச் சட்டம் வந்தது.

கூலி விஷயத்தில் பெரிய மாற்றம் 2016இல் லண்டனில் ஆரம்பித்த ஒன்லிபேன்ஸ் மூலம் வந்தது. நடிகர் தானே எடுத்துத் தானே விற்கலாம், கம்பெனிக்கு இருபது சதவீதம். மைசர் தன் வீட்டில் செய்ததைத்தான் இன்று ஒவ்வொரு பையனும் தன் அறையில் செய்கிறான். ஸ்டூடியோக்களின் முகவரிப் பட்டியலுக்கு மதிப்பு போய்விட்டது. இலவசத் தளங்கள் ஏற்கெனவே பாதியை அடித்திருந்தன.

ஆனால் பிடி விடவில்லை தோழர். 2020 டிசம்பரில் விசாவும் மாஸ்டர்கார்டும் போர்ன்ஹப் என்ற நீலப்படத் தளத்தில் பணம் கட்டுவதை நிறுத்தின. அங்கே கட்டாயப்படுத்தியும் வயது வராதவர்களை வைத்தும் எடுத்த படங்கள் இருந்தன என்பதால் அதற்குக் காரணம் இருந்தது. 2021 ஆகஸ்டில் ஒன்லிபேன்ஸே நீலப்படம் இனி கூடாது என்று அறிவித்தது. காரணம் பேங்குகள் என்றார்கள். ஒரு வாரத்துக்குள் முடிவை வாபஸ் வாங்கினார்கள். அந்த ஒரு வாரம் அதை நம்பிச் சோறு சாப்பிட்டவர்களின் கதி என்ன? மேட்டூரில் ஷட்டர் யார் கையில் இருக்கிறதோ அவன் நினைத்தால்தான் கடைமடைக்குத் தண்ணீர். அன்று ஷட்டர் போஸ்ட்மாஸ்டர் கையில், இன்று கார்டு கம்பெனி கையில். போஸ்ட்மாஸ்டரையாவது கோர்ட்டுக்கு இழுத்து, 405 பிரதிகளை ஏன் பிடித்தாய் என்று கேட்க முடிந்தது. பேங்கை எந்தக் கோர்ட்டில் கேட்பது?

பதில்: வல்லம் வக்கீல்

தொழில் நிமித்தம் சுருக்கமாக ஒன்று. 2018 செப்டம்பர் 6இல் நம் உச்ச நீதிமன்றம் இந்திய தண்டனைச் சட்டத்தின் 377ஆவது பிரிவைத் திருத்தி வாசித்தது, வயது வந்தவர்கள் சம்மதத்தோடு சேர்வது குற்றமில்லை என்பதற்காக. நீலப்படத்துக்கு அதில் ஒன்றும் இல்லை. தகவல் தொழில்நுட்பச் சட்டம் 67ஏ அப்படியே இருக்கிறது: வெளிப்படையான பாலியல் காட்சியை மின்னணு வழியில் வெளியிட்டால் அல்லது அனுப்பினால், முதல் தடவைக்கே ஐந்து வருஷம் வரை சிறை, பத்து லட்சம் வரை அபராதம். அச்சில் விற்பதற்கு முன்பு இந்திய தண்டனைச் சட்டம் 292 இருந்தது, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நியாய சன்ஹிதா 294. சார் சொன்ன தபால் சட்டத்துக்குப் பதிலாகவும் 2023இல் புதுச் சட்டம் வந்துவிட்டது. தம்பி, கட்டுரையோடு பழைய ஸ்டூடியோ அட்டைப் படம் போடப் போகிறேன் என்று நினைத்தால் முதலில் என்னிடம் காட்டுங்கள். வாட்ஸப் குழுவில் கிளிப் எதையும் 'ஆதாரத்துக்கு' என்று போட வேண்டாம். 377 போய்விட்டது, இனி பயமில்லை என்று நினைத்து மாட்டிக்கொண்டு வந்தவர்களைப் பார்த்திருக்கிறேன்.

கேள்வி கேட்டவர்: குடமுருட்டிக்கரை

எல்லோருக்கும் நன்றி. சார், அக்கா, தோழர், நீங்கள் சொன்னதைப் படித்த பிறகு கட்டுரையின் போக்கே மாறிவிட்டது. சக் ஹோம்ஸில் இருந்து ஆரம்பிக்க மாட்டேன். 1954இல் ஒரு போஸ்ட்மாஸ்டர் ஒரு பத்திரிகையை நிறுத்தி வைத்ததில் இருந்து ஆரம்பிக்கப் போகிறேன். வக்கீல் சார், படம் எதுவும் போடவில்லை, எழுத்து மட்டும்தான்.

சாரிடம் இன்னும் ஒன்று. அனுப்பினவர்கள் கோர்ட்டுக்குப் போன கதை கிடைத்துவிட்டது. உறையை வாங்கினவன் மாட்டிக்கொண்ட கதை ஏதாவது உண்டா?

பதில்: பழைய சார்ட்டர் (மாயவரம்)

உண்டு. நியூட்டன் ஆர்வின். மாசசூசெட்ஸ், நார்தாம்ப்டன், ஸ்மித் கல்லூரி. பெரிய இலக்கிய விமர்சகர். அமெரிக்க நாவலாசிரியர் மெல்வில் பற்றிய அவருடைய புத்தகத்துக்கு 1951இல் அமெரிக்க தேசிய புத்தக விருது கிடைத்தது. 1960 செப்டம்பரில் போலீஸ் அவர் வீட்டில் புகுந்தது. தபால்துறை அப்போது இந்த உடற்கட்டுப் பத்திரிகைகளையும் படங்களையும் யார் வாங்குகிறார்கள் என்று தேடிக்கொண்டிருந்தது. நான் சொன்ன அந்த முகவரிப் பட்டியலுக்கு இப்படியும் ஒரு பக்கம் இருந்தது. கெடுபிடியில் ஆர்வின் தன்னோடு வேலை பார்த்த இரண்டு இளம் ஆசிரியர்களின் பெயரைச் சொல்லிவிட்டார். மூன்று பேருக்கும் தண்டனை, அபராதம். அவருக்குக் கட்டாய ஓய்வு, இளையவர்கள் இருவருக்கும் வேலை போயிற்று. 1963இல் அந்த இருவரின் தண்டனையை மாநில உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது, ஆனால் வேலை திரும்பக் கிடைக்கவில்லை. அதே 1963இல் ஆர்வின் இறந்தார்.

வோமாக் ஜெயித்தது 1962 என்று முன்பே எழுதினேன். இரண்டு வருஷம் முந்தி வந்திருந்தால் அந்த வீட்டுக் கதவை யாரும் தட்டியிருக்க மாட்டார்கள் என்று நினைக்கும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு கனக்கும். இதை விட்டுவிடாதீர்கள் தம்பி.

கேள்வி கேட்டவர்: குடமுருட்டிக்கரை

விட மாட்டேன் சார். ஆறு பக்கம்தான் தருகிறார்கள். இடம் போதாவிட்டால் பால்கனுக்கு ஒதுக்கினதைக் குறைத்துக்கொள்கிறேன். ஆர்வின் முழுசாக வருவார்.